வலியின் மதகை அடைக்கும் நஞ்சு

பிரேசில் நாட்டின் வயல்களிலும் காப்பித் தோட்டங்களிலும் இரண்டு பாம்புகள் ஆட்களைக் கடித்துக்கொண்டிருந்தன. ஒன்று ஜராராக்கா, மற்றொன்று கிலுகிலுப்பை விரியன். இரண்டும் விரியன் குடும்பம்தான். ஜராராக்கா கடித்தால் கடிவாய் உடனே எரியத் தொடங்கும், வீங்கும், ரத்தம் கசியும். கடிபட்டவர் வலி தாங்காமல் துடிப்பார். கிலுகிலுப்பை விரியன் கடித்தவரின் கடிவாயில் வீக்கம் பெரிதாக இருக்காது, வலியும் அதிகம் இருக்காது. பலருக்கு அந்த இடம் மரத்துக்கூடப் போகும். ஆனால் சில மணி நேரத்தில் இமை சரியும், பார்வை மங்கும், உடம்பெங்கும் தசைகள் சிதைந்து சிறுநீர் கறுத்து வரும், சிறுநீரகம் செயலிழக்கும். கடி வலிக்கவில்லை என்பதால் ஆபத்து குறைவு என்று பொருள் இல்லை.

இந்த இரண்டு நஞ்சுகளையும் அருகருகே வைத்து ஆராய்ந்த இடம் சாவ் பாவ்லோ நகரில் உள்ள புட்டான்டான் நிறுவனம். 1901-இல் தொடங்கிய இந்த நிறுவனத்தின் முதல் இயக்குநர் விட்டால் பிரேசில் என்ற மருத்துவர். ஒரு பாம்பின் நஞ்சுக்குத் தயாரித்த முறிமருந்து வேறொரு பாம்பின் நஞ்சுக்கு வேலை செய்யாது என்று நிறுவியவர் அவர். 1930களில் கிலுகிலுப்பை விரியனின் நஞ்சை மிக மிக நீர்த்த கரைசலாக்கி, புற்றுநோயால் தாங்க முடியாத வலியில் கிடந்தவர்களுக்குக் கொடுத்துப் பார்த்தார்கள். வலி குறைந்தது. நஞ்சில் உள்ள எந்தப் பொருள் அதைச் செய்கிறது என்று கண்டுபிடிக்கும் கருவிகள் அன்று இல்லை.

ஏறக்குறைய அதே காலத்தில் அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் டேவிட் மாக்ட் என்ற மருந்தியலாளர் நாகப்பாம்பின் நஞ்சை வைத்து இதே வேலையில் இறங்கியிருந்தார். 1936-இல் அவர் வெளியிட்ட ஆய்வின் சாரம் இதுதான்: நாக நஞ்சு மார்ஃபினைப் போல் உடனே வலியை அடக்காது, மெல்லத்தான் வேலையைத் தொடங்கும், தொடங்கிவிட்டால் நீண்ட நேரம் நிற்கும். சீனாவில் நாகத்தின் நரம்பு நச்சைப் பிரித்தெடுத்துச் செய்த ஊசிமருந்து 1970களின் இறுதியில் மருத்துவப் பயன்பாட்டுக்கே வந்துவிட்டது.

நஞ்சுக்குள் வலிநிவாரணி இருக்கிறது என்பது, ஆக, புதிய செய்தி இல்லை. அது நரம்பில் எந்த இடத்தைத் தொடுகிறது என்பது தெரிய வந்ததுதான் புதிது. அந்தத் தேடலில் கிடைத்த பெரிய செல்வம் மருந்து என்று பலர் நினைக்கிறார்கள். வலி உடம்பில் எந்த வழியாகப் போகிறது என்ற அறிவே அதைவிடப் பெரியது என்பது இந்தக் கட்டுரையின் வாதம்.

வலி தொடங்கும் இடம்

விரலில் கத்தி பட்டால் வலி விரலில் இருப்பதாகத் தோன்றுகிறது. விரலில் இருப்பது நரம்பணுவின் நுனி மட்டுமே. அந்த நுனியின் சவ்வில் நுண்ணிய புரதக் குழாய்கள் பதிந்திருக்கின்றன. அயனிக் கால்வாய் என்பது அவற்றின் பெயர். ஏரிக்கரையில் உள்ள மதகைப் போன்றது ஒவ்வொரு கால்வாயும். மூடியிருக்கும்வரை வெளியில் தேங்கிய சோடியம் அயனிகள் உள்ளே வர முடியாது. திறந்தால் பாய்ந்து வரும். அந்தப் பாய்ச்சலில் மின்னழுத்தம் மாறி, ஒரு மின்துடிப்பு பிறந்து தண்டுவடத்துக்கும் அங்கிருந்து மூளைக்கும் ஓடுகிறது. மூளை அதை வலி என்று வாசிக்கிறது.

எல்லா மதகையும் ஒரே கை திறப்பதில்லை. மிளகாயின் காரமும் 43 டிகிரியைத் தாண்டிய சூடும் ஒரு வகைக் கால்வாயைத் திறக்கின்றன. மிளகாய் தின்றால் வாய் 'எரிகிறது' என்று நாம் சொல்வதற்கு உடலியல் காரணமே அதுதான். கடுகின் நெடி இன்னொரு வகையைத் திறக்கிறது. மூன்றாவது வகையைத் திறப்பது அமிலம்.

நலமான திசுவின் கார அமிலச் சமநிலை 7.4 என்ற அளவில் நிற்கும். அடிபட்ட இடம், புண் பழுத்த இடம், ரத்த ஓட்டம் தடைபட்ட இதயத்தசை, வேகமாக வளரும் புற்றுக்கட்டி ஆகிய எல்லாவற்றிலும் இந்த அளவு சரிந்து அமிலத்தன்மை கூடுகிறது. இந்த அமிலத்தை நரம்பு எப்படி அறிகிறது என்ற கேள்விக்கு 1997-இல் விடை கிடைத்தது. பிரான்சின் தென்கரையில், நீஸ் நகருக்கு அருகே உள்ள ஆய்வகத்தில் ரெய்னர் வால்ட்மனும் மிஷேல் லாஸ்டுன்ஸ்கியும் அமிலம் பட்டால் திறக்கும் கால்வாய் ஒன்றை அடையாளம் கண்டார்கள். 'அமிலம் உணரும் அயனிக் கால்வாய்' என்பதன் ஆங்கில முதலெழுத்துகளைச் சேர்த்து அதை 'ஏசிக்' என்று அழைக்கிறார்கள். அதில் பல உள்வகைகள் உண்டு. அவற்றுள் ஏசிக்-1ஏ மூளையிலும் தண்டுவடத்திலும் நிறைந்திருக்கிறது. ஏசிக்-1பி உடம்பின் வெளிப்பகுதிகளுக்கு வரும் வலி நரம்புகளில் இருக்கிறது.

ஒரு கால்வாயைக் கண்டுபிடித்துவிட்டால் போதாது. அது உண்மையில் வலிக்குக் காரணமா என்று சோதிக்க, அதை மட்டும் அடைத்து மற்றதைத் தொடாமல் விடும் ஒரு பொருள் வேண்டும். அவ்வளவு குறிபார்த்துத் தாக்கும் பொருளை வேதியியலாளர்கள் உருவாக்குவது கடினம். பாம்பும் தேளும் சிலந்தியும் பல கோடி ஆண்டுகளாக அந்த வேலையைத்தான் செய்து வந்திருக்கின்றன. ஆகவே அந்த ஆய்வகத்தினர் நஞ்சுகளைத் தேடிப் போனார்கள்.

கறுப்பு மாம்பாவின் கொடை

தேடும் முறை எளிமையானது. ஆப்பிரிக்கத் தவளையின் முட்டையை எடுத்து, ஏசிக் கால்வாயைச் செய்யும் மரபுக் கட்டளையை அதற்குள் செலுத்துவார்கள். முட்டை தன் சவ்வில் அந்தக் கால்வாயைக் கட்டிக்கொள்ளும். மேலே அமிலத்தை ஊற்றினால் மின்னோட்டம் பாயும். ஒவ்வொரு நஞ்சாகச் சேர்த்து, எதைச் சேர்த்தால் மின்னோட்டம் நிற்கிறது என்று பார்ப்பார்கள். சில்வி டியோஷோ, ஆன் பாரோன், எரிக் லாங்கெலியா ஆகியோர் அடங்கிய குழுவுக்கு, கறுப்பு மாம்பாவின் நஞ்சைச் சேர்த்தபோது மின்னோட்டம் நின்றது.

சகாரா பாலைக்குத் தெற்கே ஆப்பிரிக்காவில் வாழும் கறுப்பு மாம்பாவின் உடம்பு கறுப்பு இல்லை; சாம்பலும் பழுப்பும் கலந்த நிறம். கறுப்பு அதன் வாயின் உட்புறம். மிரட்டும்போது வாயைத் திறந்து காட்டும். சிகிச்சை கிடைக்காவிட்டால் அதன் கடியில் பிழைப்பது அரிது. அந்த நஞ்சைப் பகுதி பகுதியாகப் பிரித்து, ஏசிக்கை அடைக்கும் பகுதியை மட்டும் தொடர்ந்து பிரித்துக்கொண்டே போனதில் கடைசியில் இரண்டு சிறு புரதங்கள் கையில் நின்றன. ஒவ்வொன்றிலும் 57 அமினோ அமிலங்கள். இரண்டுக்கும் ஒரே ஒரு அமினோ அமிலம்தான் வேறுபாடு. மாம்பால்ஜின்-1, மாம்பால்ஜின்-2 என்று பெயரிட்டு, 2012 அக்டோபரில் நேச்சர் இதழில் முடிவுகளை வெளியிட்டார்கள்.

எலிகளுக்கு மாம்பால்ஜின் செலுத்திய பிறகு, சூடான நீரிலிருந்து வாலை இழுத்துக்கொள்ள அவை அதிக நேரம் எடுத்தன. வலி குறைந்திருக்கிறது என்று பொருள். தண்டுவடத்தைச் சூழ்ந்த திரவத்தில் செலுத்தினால் விளைவு மார்ஃபின் அளவுக்கு இருந்தது. பாதத்தில் செலுத்தினால் அங்கும் வலி குறைந்தது. மரபுமாற்றத்தால் ஏசிக்-1ஏ இல்லாமல் பிறந்த எலிகளில், தண்டுவடத்தில் செலுத்திய மாம்பால்ஜினுக்கு வலியைக் குறைக்கும் ஆற்றல் இல்லாமல் போனது. மருந்து தொடும் இடம் அதுதான் என்பதற்கு இதைவிட நேரான சான்று வேண்டியதில்லை.

மார்ஃபினோடு ஒப்பிட்டதற்குக் காரணம் உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மானிய மருந்தாளுநர் செர்ட்யூர்னர் அபினியிலிருந்து பிரித்தெடுத்த மார்ஃபின்தான் இன்றும் கடும் வலிக்கு மருத்துவர் நம்பும் மருந்து. அதன் குறைகள் மூன்று. நாளாக நாளாக அளவைக் கூட்டினால்தான் வேலை செய்யும். அடிமைப்படுத்தும். அளவு மீறினால் மூச்சை அடக்கிக் கொன்றுவிடும். மார்ஃபின் பற்றிக்கொள்ளும் ஏற்பிகளை நலாக்சோன் என்ற மருந்து மறித்துவிடும். மாம்பால்ஜினின் விளைவை நலாக்சோன் மறிக்கவில்லை. அதாவது மாம்பால்ஜின் மார்ஃபினின் பாதையிலேயே போகவில்லை. எலிகளின் மூச்சும் தடுமாறவில்லை. தொடர்ந்து கொடுத்தபோது விளைவு மழுங்குவதும் மார்ஃபினைவிடக் குறைவாக இருந்தது.

மூன்று விரலும் ஒரு கட்டைவிரலும்

மாம்பால்ஜினின் உருவத்தைப் பார்த்தவர்களுக்கு அது பழக்கமான முகம். ஒரு சிறு மையத்திலிருந்து மூன்று வளையங்கள் நீண்டிருக்கும். உருவத்தை வைத்தே 'மூவிரல் நச்சு' என்று இந்தக் குடும்பத்துக்குப் பெயர். நாகம், கட்டு விரியன் (பெயரில் இருந்தாலும் அது விரியன் இல்லை), மாம்பா, பவளப்பாம்பு என்று நாகக் குடும்பத்துப் பாம்புகளின் நஞ்சில் இந்த மூவிரல் புரதங்கள் நிறைந்திருக்கும். அவற்றில் பெயர் பெற்றது பட்டைக் கட்டு விரியன் ஒன்றின் நஞ்சிலிருந்து தைவான் நாட்டு அறிஞர்கள் 1963-இல் பிரித்தெடுத்த ஆல்ஃபா பங்காரோடாக்சின். நரம்பு தசைக்குக் கட்டளையிடும் இடத்தில் போய் ஒட்டிக்கொண்டு தசையை முடக்கிவிடும் நச்சு அது. அது ஒட்டும் பிடி அவ்வளவு உறுதியாக இருந்ததால், அதையே கொண்டுதான் நரம்புச் செய்தியைப் பெறும் ஏற்பி ஒன்றை முதன்முதலாக உடலிலிருந்து பிரித்தெடுக்க முடிந்தது.

அதே அச்சில் வார்த்த மாம்பால்ஜின் தசையை முடக்குவதில்லை, வலியை முடக்குகிறது. எலும்புக்கூடு ஒன்றாக இருக்க, விரல் நுனிகளில் உள்ள அமினோ அமிலங்கள் மாறினால் குறி மாறிவிடுகிறது. நஞ்சு பரிணமிக்கும் முறையே இதுதான். ஒரு மரபணு தவறுதலாக இரட்டிக்கிறது. ஒரு படி பழைய வேலையைப் பார்த்துக்கொள்ள, மறு படி மாறிக்கொண்டே போய்ப் புது வேலை கற்றுக்கொள்கிறது.

ஏசிக் கால்வாயின் உருவத்தை 2007-இல் எரிக் குவோவின் ஆய்வகம் படிகமாக்கிக் காட்டியது. மூன்று ஒத்த துண்டுகள் சேர்ந்து ஒரு கால்வாய். ஒவ்வொரு துண்டும் ஒரு பந்தைப் பிடித்திருக்கும் கையைப் போலத் தெரிந்ததால், அதன் பகுதிகளுக்கு மணிக்கட்டு, உள்ளங்கை, விரல், முட்டி, கட்டைவிரல் என்றே ஆய்வாளர்கள் பெயர் வைத்தார்கள். மாம்பால்ஜின் போய்ப் பிடிப்பது அந்தக் கட்டைவிரலை. 2018-இல் வெளியான மின்னணு நுண்ணோக்கிப் படங்கள் இதைத் தெளிவாகக் காட்டின. அயனி பாயும் துளையில் போய் அது உட்காருவதில்லை. தொலைவில் உள்ள கட்டைவிரலைப் பிடித்துக்கொள்கிறது. அமிலம் வந்தாலும் மதகின் பலகை நகர முடியாமல் போகிறது.

இதே மதகை எதிர்த்திசையில் இழுக்கும் பாம்பும் உண்டு. அமெரிக்காவின் டெக்சாஸ் பவளப்பாம்பு கடித்தால் வலி நெடுநேரம் நின்று வாட்டும். அதற்குக் காரணமான நச்சைச் சான்பிரான்சிஸ்கோவில் டேவிட் ஜூலியஸின் ஆய்வகம் 2011-இல் கண்டுபிடித்தது. இரண்டு புரதங்கள் இணைந்த அந்த நச்சு, அமிலம் துளியும் இல்லாதபோதே ஏசிக்கைத் திறந்துவிடுகிறது. திறந்ததை மூடவும் விடுவதில்லை. மிளகாயின் காரத்தை உணரும் கால்வாயைக் கண்டறிந்ததற்காக 2021-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவரும் இதே ஜூலியஸ்தான். 2014-இல் குவோவின் குழு இந்தப் பவளப்பாம்பு நச்சைக் கால்வாயில் ஒட்டவைத்துப் படிகமாக்கியது. திறந்த நிலையில் ஏசிக் எப்படி இருக்கும் என்பது அப்போதுதான் கண்ணுக்குத் தெரிந்தது. கணப்பொழுதில் திறந்து மூடும் கால்வாயை நிறுத்திப் பிடித்துப் படமெடுக்க நஞ்சின் உதவி தேவைப்பட்டது.

வலிக்க வைக்கவா, மறக்க வைக்கவா?

பாம்பு ஏன் வலியைக் குறைக்கும் பொருளைச் சுமக்க வேண்டும்? தன்னைக் காத்துக்கொள்ளத்தான் நஞ்சு என்றால் கடி உடனே வலிக்க வேண்டும். அப்போதுதான் எதிரி விலகுவான். உமிழும் நாகங்கள் இதற்கு நல்ல சான்று. ஆப்பிரிக்காவில் ஒரு கிளை, ஆசியாவில் ஒரு கிளை, அவற்றின் உறவான ரிங்கால்ஸ் என்ற பாம்பு என மூன்று இடங்களில் நஞ்சை எதிரியின் கண்ணில் உமிழும் பழக்கம் தனித்தனியாகத் தோன்றியது. மூன்றிலும் நஞ்சு ஒரே திசையில் மாறியிருந்ததை 2021-இல் சயின்ஸ் இதழில் வெளியான ஆய்வு காட்டியது. முன்பே இருந்த ஒரு நச்சின் வலியூட்டும் திறனை இன்னொரு நொதி சேர்ந்து பல மடங்கு ஆக்கியிருந்தது. கண்ணில் பட்டதும் தாங்க முடியாத எரிச்சல். இங்கே வலியே ஆயுதம்.

மற்றப் பாம்புகளில் நஞ்சின் முதல் வேலை இரை பிடிப்பது. எலியோ தவளையோ நகராமல் விழ வேண்டும். வலிக்கிறதா என்பது பாம்புக்குப் பொருட்டில்லை. பாம்புகளைக் கையாள்பவர்களிடம் அவர்கள் பட்ட கடிகளைப் பற்றிக் கேட்டுத் தொகுத்த ஆய்வு ஒன்று, கணிசமான கடிகளில் முதல் சில நிமிடங்களில் கடும் வலி இருக்கவில்லை என்று சொல்கிறது. நஞ்சின் நூற்றுக்கணக்கான மூலக்கூறுகள் நரம்பின் பல்வேறு கால்வாய்களைக் குறிவைத்து உருவானவை. நரம்பைத் தாக்க வந்ததில் சில, வலியின் வழியையும் அடைத்துவிடுகின்றன. மாம்பால்ஜினால் மாம்பாவுக்கு என்ன ஆதாயம் என்ற கேள்வி இன்னும் திறந்தே இருக்கிறது.

புட்டான்டான் கொடுத்த விடை

எழுபது ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்த பிரேசில் கேள்விக்கு 2008-இல் அதே நிறுவனத்திலிருந்தே பதில் வந்தது. யாரா கூரியின் குழு கிலுகிலுப்பை விரியனின் நஞ்சிலிருந்து வெறும் 14 அமினோ அமிலங்கள் கொண்ட துணுக்கு ஒன்றைப் பிரித்தது. பெயர் க்ரோடால்ஃபின். அந்தப் பாம்பின் கொடிய நச்சான க்ரோடாக்சினின் ஒரு பகுதியில் இதே வரிசை அப்படியே இருக்கிறது. ஆளைக் கொல்லும் நச்சின் உடம்பிலேயே வலியைக் குறைக்கும் துணுக்கும் இருந்திருக்கிறது.

க்ரோடால்ஃபின் மாம்பால்ஜினின் வழியில் போவதில்லை. உடம்பு தானே சுரக்கும் டைனார்ஃபின் என்ற வலிநிவாரணியை அது வெளிவரச் செய்கிறது. கடுகின் நெடியை உணரும் கால்வாயையும் அது மெல்லத் தூண்டி, பிறகு மழுங்கச் செய்கிறது என்று 2016-இல் மற்றொரு ஆய்வு கண்டது. எலிகளுக்கு வாய்வழியே கொடுத்தபோதும் வேலை செய்தது. ஒரு முறை கொடுத்தால் விளைவு நாள்கணக்கில் நின்றது. புரதத் துணுக்கு ஒன்று வயிற்றைக் கடந்தும் வேலை செய்வது வியப்புக்குரியது.

சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் கோபாலகிருஷ்ணகோனின் குழு 1995-இல் ராஜநாகத்தின் நஞ்சிலிருந்து ஹன்னால்ஜெசின் என்ற வலிநிவாரணிப் புரதத்தைப் பிரித்தது. இந்தப் பெயர்களெல்லாம் ஒரே முறையில் செய்யப்பட்டவை. முன்பாதியில் பாம்பின் பெயர், பின்பாதியில் வலியையோ வலிநிவாரணியையோ குறிக்கும் சொல். ராஜநாகத்தின் அறிவியல் பெயரில் வரும் 'ஹன்னா'வும் கிலுகிலுப்பை விரியனின் 'க்ரோடாலஸ்' என்ற பேரினப் பெயரும் அப்படித்தான் மருந்துப் பெயருக்குள் புகுந்தன.

ஆய்வகம் வைத்த பெயர்களால் தீங்கில்லை. செய்தித்தாள்கள் சேர்க்கும் அடைமொழிகளை நின்று படிக்க வேண்டும். 'மார்ஃபினுக்கு இணை' என்றால், குறிப்பிட்ட அளவில், குறிப்பிட்ட வழியில் செலுத்தியபோது, எலி தன் வாலை இழுக்க எடுத்த நேரம் இணையாக இருந்தது என்று மட்டுமே பொருள். 'பக்கவிளைவு இல்லாதது' என்றால் பார்த்த பக்கவிளைவுகள் எலியில் தென்படவில்லை என்று பொருள். 'இயற்கையானது' என்ற சொல்லுக்கு இங்கே எந்தப் பொருளும் இல்லை. அதே பாம்பின் பல்லில் மாம்பால்ஜினோடு சேர்ந்து மூச்சை நிறுத்தும் நச்சுகளும் இயற்கையாகத்தான் இருக்கின்றன.

மாத்திரையாக ஏன் வரவில்லை?

மாம்பால்ஜின் ஒரு புரதம். விழுங்கினால் வயிறு அதை உணவாகச் செரித்துவிடும். ரத்தத்தில் ஏற்றினால் மூளையையும் தண்டுவடத்தையும் காக்கும் தடுப்பைத் தாண்டிப் போவது கடினம். எதிரி என்று நினைத்து உடம்பின் எதிர்ப்பாற்றல் தாக்கவும் கூடும். அதைச் செயற்கையாகச் செய்வதிலும் சிக்கல் உண்டு. 57 அமினோ அமிலங்களையும் கோத்த பிறகு, நான்கு கந்தகப் பாலங்கள் சரியான இடத்தில் விழுந்தால்தான் மூன்று விரல்களும் உருவாகும்.

இவற்றைவிடப் பெரிய தடை ஒன்று இருக்கிறது. ஏசிக்-1ஏ வலிக்காக மட்டும் இருக்கும் கால்வாய் அல்ல. மூளையில் அச்சத்தைக் கற்றுக்கொள்வதிலும் அதற்குப் பங்கு உண்டு என்று எலி ஆய்வுகள் சொல்கின்றன. வலிக்காக அதை அடைத்தால் வேறு என்னென்ன அடைபடும் என்பதைப் பார்த்தாக வேண்டும்.

நஞ்சிலிருந்து ஒரு வலிநிவாரணி எவ்வளவு தூரம் வர முடியும் என்பதற்குக் கடல்நத்தை ஒன்று உதாரணம். பிலிப்பைன்ஸில் பிறந்த பால்டோமெரோ ஒலிவெராவின் ஆய்வகத்தில் கூம்பு நத்தையின் நஞ்சிலிருந்து கண்டெடுத்த 25 அமினோ அமிலத் துணுக்கு, சிகோனோடைட் என்ற மருந்தாகி 2004 டிசம்பரில் அமெரிக்காவில் அனுமதி பெற்றது. அது மார்ஃபினைப் போல அடிமைப்படுத்தாது. ஆனால் உடம்புக்குள் பொருத்திய பம்பு மூலம் தண்டுவடத் திரவத்துக்குள் நேரே சொட்ட வேண்டும். அளவு சற்றுக் கூடினால் மனக்குழப்பமும் இல்லாததைக் காண்பதும் நேரும். ஆகவே வேறு எதற்கும் கட்டுப்படாத வலி உள்ள மிகச் சிலருக்கே அதைக் கொடுக்கிறார்கள்.

இன்னொரு வழி, நஞ்சு காட்டிய இடத்தை வைத்துக்கொண்டு நஞ்சை விட்டுவிடுவது. இதற்கு முன்னோடி ஜராராக்காதான். 1949-இல் பிரேசிலில் ரோச்சா இ சில்வாவும் அவருடைய தோழர்களும் இந்தப் பாம்பின் நஞ்சை நாயின் ரத்தத்தோடு கலந்தபோது பிராடிகைனின் என்ற பொருள் உருவாவதைக் கண்டார்கள். நம் உடம்பிலும் அடிபட்ட இடத்தில் வலியை எழுப்பும் முதன்மையான பொருள்களில் ஒன்று அது. பிராடிகைனினை வலுப்படுத்தும் துணுக்குகள் அதே நஞ்சில் இருப்பதை 1965-இல் செர்ஜியோ ஃபெரைரா காட்டினார். அந்தத் துணுக்குகள் எந்த நொதியைத் தடுக்கின்றன என்று தெரிந்துகொண்ட வேதியியலாளர்கள், அதே இடத்தில் பொருந்தும் சிறு மூலக்கூறு ஒன்றைத் தாங்களே வடிவமைத்தார்கள். 1981-இல் விற்பனைக்கு வந்த கேப்டோப்ரில் அதுதான். இன்று உலகெங்கும் கோடிக்கணக்கானோர் விழுங்கும் ரத்த அழுத்த மாத்திரைகளில் ஒரு பெரிய குடும்பம் அதிலிருந்து கிளைத்தது. அந்த மாத்திரையில் ஒரு துளி நஞ்சும் இல்லை. நஞ்சு கற்றுத்தந்த பாடம் மட்டுமே இருக்கிறது.

வலிநிவாரணியிலும் இதுவே நடக்கும் வாய்ப்பு அதிகம். 2025 ஜனவரியில் அமெரிக்கா அனுமதித்த சுசெட்ரிஜின் என்ற மாத்திரை வலி நரம்பில் உள்ள ஒரே ஒரு வகைச் சோடியம் கால்வாயை அடைக்கிறது. அபினியின் வழியில் அது போவதில்லை. பாம்பிலிருந்து வந்த மருந்தும் அல்ல. என்றாலும் நரம்பு நுனியில் தேர்ந்த ஒரு கால்வாயை மட்டும் அடைத்து மனிதரின் வலியைக் குறைக்கலாம் என்ற எண்ணம் நடைமுறைக்கு வந்துவிட்டது என்பதற்கு அது சாட்சி. மாம்பால்ஜின் பிடிக்கும் கட்டைவிரலில் பொருந்தும் சிறு மூலக்கூறை யாராவது ஒருநாள் செய்தால், அதுவும் மாத்திரை ஆகலாம்.

நம் ஊரில்

சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் 1978 முதல் இயங்குகிறது. நல்ல பாம்பு, கட்டு விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் நஞ்சையும் எடுத்துவிட்டுப் பாம்புகளைக் காட்டில் விடுகிறார்கள். நாட்டின் முறிமருந்துத் தயாரிப்புக்கு அந்த நஞ்சே பெருமளவு ஆதாரம். இந்தச் சங்கத்தைச் சேர்ந்த மாசி சடையனும் வடிவேல் கோபாலும் 2023-இல் பத்மஸ்ரீ பெற்றார்கள். சுருட்டை விரியனின் நஞ்சும் ஒரு மருந்துக்கு வழிகாட்டியிருக்கிறது. மாரடைப்பு நேரத்தில் ரத்தம் உறையாமல் தடுக்கக் கொடுக்கும் டைரோஃபிபான் அந்த நஞ்சின் ஒரு புரதத்தைப் பின்பற்றி உருவானது.

அதே நான்கில் வலியைப் பற்றிய ஒரு பாடமும் இருக்கிறது, அது உயிர் காக்கும் பாடம். கண்ணாடி விரியன் கடித்தால் வலியும் வீக்கமும் ஆளை மருத்துவமனைக்கு விரட்டிவிடும். இரவில் வீட்டுக்குள் நுழைந்து, தரையில் படுத்திருப்பவரைக் கடிக்கும் கட்டு விரியனின் கடி பெரும்பாலும் வலிப்பதே இல்லை. பல் பட்ட தடமும் கண்ணுக்குத் தெரியாது. எறும்பு கடித்திருக்கும் என்று திரும்பிப் படுத்தவர்கள் உண்டு. விடியற்காலையில் வயிற்றுவலி, வாந்தி, இமைகள் சரிவு, விழுங்க முடியாமை என்று தொடங்கி மூச்சுத் தசைகள் முடங்கும். இந்தியாவில் 2000 முதல் 2019 வரை ஆண்டுக்குச் சராசரி 58,000 பேர் பாம்புக்கடியில் இறந்ததாக மதிப்பிடப்பட்டிருக்கிறது.

மாம்பால்ஜினும் க்ரோடால்ஃபினும் இன்று எந்த மருந்துக் கடையிலும் கிடைக்காது. பாம்பு நஞ்சில் செய்த மூட்டுவலித் தைலம் என்று யாராவது விற்றால் வாங்காதீர்கள். பாம்பு கடித்தது என்ற ஐயம் எழுந்தாலே போதும், வலிக்கிறதா என்று பார்த்துக்கொண்டு உட்காராதீர்கள். கட்டுப்போடாமல், கீறாமல், உறிஞ்சாமல், கடிபட்ட கையையோ காலையோ அசைக்காமல் வைத்து, 108-ஐ அழைத்து, முறிமருந்து உள்ள அரசு மருத்துவமனைக்குப் போய்விடுங்கள்.